நீலக் கதவு

“அந்தப் பதினோராவது அத்தியாயத்தை எடுத்துடுங்க, மிஸ்டர் ஹாஸ்கல். பத்து நாள்ல என் பொண்ணுக்குக் கல்யாணம்.”

மதாம் ஒடாலி கறுப்பு முகத்திரையைக்கூட விலக்காமல் சொன்னார். நியூ ஆர்லியன்ஸில் பிரெஞ்சுக்காரர் வழிவந்த ஒரு பழைய கிரியோல் குடும்பத்துப் பெண்மணி, ஆங்கிலம் பேசும் அமெரிக்கர் வீட்டுப் படி ஏறுவதே அபூர்வம். அதிலும் நாவலாசிரியர் எவரெட் ஹாஸ்கல் வீட்டுப் படி. வெள்ளையருக்கு ஒரு நியாயம், கறுப்பருக்கு ஒரு நியாயம் இருக்கக் கூடாது என்று அவர் எழுதியதிலிருந்து, தெருவில் யாரும் தொப்பியைத் தொட்டு அவருக்கு வணக்கம் சொல்வதில்லை.

ஹாஸ்கலுக்கு ஒன்றும் புரியவில்லை. புத்தகமாக வரவிருந்த நாவலின் அச்சுப் படிகள் மேசைமேல் இருந்தன. திருத்தி, மாலை ரயிலில் நியூயார்க் பதிப்பாளருக்கு அனுப்ப வேண்டும்.

“நீங்க படிச்சீங்களா, மதாம்?”

“உங்க எழுத்தையா? எங்க வீட்டு வாசலுக்கே விடமாட்டோம். பத்திரிகையில தொடரா வந்தப்போ யாரோ சொன்னாங்க. எழுபத்து மூணாம் பக்கம், மேலேர்ந்து நாலாவது வரி.”

“அதுல என்ன இருக்கு?”

“தெரியாத மாதிரி கேக்காதீங்க. ராம்பார்ட் தெருவுல நீலக் கதவு வச்ச சின்ன வீடு. பெரியவருக்கு அங்க இன்னொரு குடும்பம். அந்தக் கலப்பு நிறப் பொண்ணு செத்ததும், தாதின்னு சொல்லிக் குடும்பக் கல்லறையிலேயே வச்சது. எங்க தாத்தா விஷயத்தை உங்ககிட்ட யார் சொன்னா? கல்லறைக் காவல்காரனா?”

“உங்க தாத்தா பேர்கூட எனக்குத் தெரியாது. எல்லாம் நானா யோசிச்சது.”

“தாதின்னு சொல்லி வச்சதுகூடவா?”

ஹாஸ்கல் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். ஒரு விஷயம் எப்படி நடக்கிறது என்று விளக்கச் சொன்னால் அவருக்குக் காபி ஆறுவதுகூடத் தெரியாது.

“நம்ம ஊர்ல ரெண்டடி தோண்டினாத் தண்ணி. அதனால தரைக்கு மேலே அலமாரி மாதிரி கல்லறை கட்டறோம். ஒருத்தரை வச்சு மூடினா ஒரு வருஷம் ஒரு நாள் திறக்கறதில்ல. வெயில்ல உள்ளே அடுப்பு மாதிரி காயும். அப்புறம் மிச்ச எலும்பைப் பின்னாடி தள்ளிட்டு...”

“எங்க கல்லறையை எனக்கே விளக்கறீங்களா?”

“இருங்க. தள்ளினது கீழே குழியில விழும். தாத்தா, பேரன் எல்லாரும் அங்க ஒரே குவியல். உயிரோட இருக்கறப்போ ஒரே மேசையில உட்கார விடாதவளை, ஒரு தடவை உள்ளே வச்சுட்டா அப்புறம் யாராலும் பிரிச்சு எடுக்க முடியாது. அதுலதான் கதை பிறந்தது. அவளை உள்ளே கொண்டுபோக ஒரு சாக்கு வேணும். தாதின்னு வச்சேன்.”

மதாமின் விசிறி நின்றது.

“எங்க வீட்டுலயும் அதேதான் யோசிச்சிருக்காங்க” என்றார் மெதுவாக. “பிள்ளை வீடு மார்செலின் குடும்பம். சுத்தமான ரத்தம்னு சொல்லிச் சொல்லியே மூக்கு வானத்துக்குப் போனவங்க. உங்க நாவல் புத்தகமா வந்து அவங்க கையில கிடைச்சா, மறுநாளே மோதிரம் திரும்பி வரும்.”

“அந்த நீலக் கதவு வீட்ல இப்ப யார் இருக்காங்க?”

“எங்க சித்தி.” சொன்ன பிறகுதான் சொன்னது உறைத்தது. “அதாவது, தையல்காரி. கல்யாண கவுனை அவங்கதான் தைக்கறாங்க.”

“கல்யாணத்துக்கு வருவாங்களா?”

“தேவாலயத்துல கடைசித் தூணுக்குப் பின்னால நிப்பாங்க. கவுன் சரியா விழுந்திருக்கான்னு பாக்கணும்ல.”

ஹாஸ்கல் அச்சுப் படிகளை எடுத்துப் புரட்டினார்.

“அத்தியாயத்தை எடுத்தா நாவலே நிக்காது, மதாம். சில்லறை அடையாளம் எதாவது இருந்தாச் சொல்லுங்க, மாத்தறேன்.”

“கதவு. எங்களை அறிஞ்சவங்களுக்கு அந்த நீலக் கதவு ஒண்ணே போதும். மஞ்சள்னு போடுங்க. மஞ்சள் கதவு எங்க வகையறாவில யாருக்கும் கிடையாது.”

ஹாஸ்கல் பேனாவை மையில் தொட்டு ஐந்து இடங்களில் நீலத்தை அடித்து, மஞ்சள் என்று எழுதினார். மதாம் பக்கத்தில் நின்று ஐந்தையும் எண்ணினார். உறையை ஒட்டியதும், “என் வண்டி ஸ்டேஷன் பக்கம்தான் போகுது. நானே சேர்த்துடறேன்” என்று வாங்கிக்கொண்டார். உங்களை நம்பலாமா என்று தெரியவில்லை என்பதை அதைவிட மரியாதையாகச் சொல்ல முடியாது.

வண்டி போன பிறகும் ஹாஸ்கலுக்குக் குழப்பம் தீரவில்லை. தெருப் பெயரைத் தவிர எல்லாமே அவர் தலையில் உதித்தவை. அது எப்படி ஒரு குடும்பத்தின் உண்மையாக இருக்க முடியும்? நீலக் கதவை எங்கேயாவது பார்த்தோமா என்று யோசித்துக்கொண்டே ஜன்னலருகே நின்றார். தூரத்தில் நியூயார்க் ரயில் கூவிவிட்டுக் கிளம்பியது.

அழைப்பு மணி அடித்தது. வாசலில் வேறொரு கறுப்பு முகத்திரை.

“நான் மதாம் மார்செலின். இந்த மாசம் என் பையனுக்குக் கல்யாணம். பெண் வீடு ரொம்பச் சுத்தமான குடும்பம், மிஸ்டர் ஹாஸ்கல். எங்க மாமனார் கதையை நீங்க எழுதினது தெரிஞ்சா அவங்க பொண்ணைத் தரமாட்டாங்க. ஆனாலும் உங்களுக்கு இரக்க மனசு. எங்க மஞ்சள் கதவை நீலம்னு மாத்தி எழுதினீங்களே, புத்தகத்துலயும் அதை மட்டும் அப்படியே விட்டுடுங்க.”