நாலு நாட்டுக் கத்தி

மேசைமேல் நான்கு கத்திகளை வரிசையாக வைத்தார் அமீனுல்லா. மூன்றை முகம் சுளித்துக்கொண்டே வைத்தார். நான்காவதை மட்டும் கைக்குட்டையால் துடைத்து வைத்தார்.

சீனா, வியட்நாம், துருக்கி, ஜெர்மனி.

எதிரே உட்கார்ந்திருந்த நதியாவை அவர் ஏறிட்டுப் பார்த்தது ஒரே ஒரு முறைதான். அதுவே அதிகம் என்று நினைத்தார்.

ஜமுனாமரத்தூரை ஒட்டிய மலைக் கிராமத்துப் பெண். சாமையும் புளியும் விற்கிற வீட்டில் பிறந்தவளைக் கூட்டி வந்து ரிசார்ட்டுக்குப் பர்சேஸ் மேனேஜராக உட்கார வைத்திருக்கிறான் முதலாளி. வேறு ஆளே கிடைக்கவில்லை போலிருக்கிறது.

வாணியம்பாடியிலிருந்து அத்தனை வளைவும் ஏறி வந்தது இவளுக்குக் கத்தி காட்டவா?

ஆனால் வராமல் முடியாது. இந்த முதலாளிக்கு ஏலகிரியிலும் இந்த ஜமுனாமரத்தூர் மலையிலுமாக ஆறு விடுதிகள். ஆறுக்கும் எந்தக் கத்தி என்று முடிவு செய்பவள் இவள்தான். அமீனுல்லாவின் குடோனிலோ பன்னிரண்டாயிரம் ஜெர்மன் கத்திகள் பெட்டி பிரிக்காமல் கிடந்தன. இவள் தலையாட்டாவிட்டால் அவை அங்கேயே கிடக்கும். அவர் வியாபாரமும் அதோடு படுத்துவிடும்.

எனவே பாடம் நடத்தினார்.

பதினோரு வருடமாகச் சீனாவிலிருந்து ஸ்பூனும் ஃபோர்க்கும் இறக்குபவர் அவர். போன வருடம்தான் மேசைக் கத்திக்கு மவுசு வந்தது. மலைக்கு மலை ரிசார்ட் முளைத்தால் கத்தி வேண்டாமா? சீனாக்காரனை விட்டால் ஆளில்லை என்றிருந்த இடத்தில் வியட்நாம்காரன் வந்தான், பின்னாலேயே துருக்கிக்காரன் வந்தான். எல்லாரிடமும் சாம்பிள் வரவழைத்து, தன் வீட்டுச் சாப்பாட்டு மேசையில் தானே அறுத்துப் பார்த்தார்.

எல்லாம் தகரம். தூ.

பதினோரு வருடம் சரக்கு அனுப்பிய சீனத்து லின்னையே அதோடு தலைமுழுகிவிட்டார். கடைசியில் ஜெர்மன்காரன் கத்தி ஒன்றுதான் அறுத்தது. விலை இரண்டு மடங்கு. இருக்கட்டும், அறுத்ததே!

நதியா குறுக்கே பேசாமல் கேட்டுக்கொண்டிருந்தாள். விளங்கவில்லை, வேறென்ன என்று முடிவு கட்டினார். சொன்னால் ஏறாத மண்டைக்குச் செய்துதான் காட்ட வேண்டும்.

சமையலறையிலிருந்து வறுத்த கோழி இரண்டு தட்டு வந்தது.

வலது கையில் ஃபோர்க்கைப் பிடித்துக் கோழியைக் குத்தினார். இடது கையில் சீனக் கத்தியை எடுத்து அழுத்தினார். கத்தி கோணலாக இழுத்துக்கொண்டு போனது. கோழி பிய்ந்ததே தவிர அறுபடவில்லை. வியட்நாமும் அப்படியே. துருக்கி தட்டில் கிறீச்சிட்டது.

ஜெர்மன் கத்தியை வைத்தார். துண்டு தனியே வந்தது.

"இன்னாம்மா, இப்பவாவது தெரியுதா?"

நதியா இன்னொரு தட்டைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். சீனக் கத்தியை வலது கையில் எடுத்தாள். ஃபோர்க் இடது கைக்குப் போனது.

அமீனுல்லாவுக்குச் சிரிப்பு வந்தது. நொட்டாங்கையால் தின்னப் போகிறாள்! இதைப் படிக்கத்தான் வேலூருக்குப் போய் கேட்டரிங் சேர்ந்தாளாக்கும்.

அவள் அறுத்தாள். கோழி பதவிசாகத் துண்டானது.

வியட்நாமை எடுத்தாள். அறுத்தது. துருக்கி. அதுவும் அறுத்தது. ஜெர்மனியும் அறுத்தது, மற்ற மூன்றையும் போலவே.

பிறகு கத்தியைக் கீழே வைத்தாள். ஃபோர்க்கை வலது கைக்கு மாற்றிக்கொண்டு ஒரு துண்டை எடுத்து வாயில் போட்டாள்.

"பாய், நாலும் நல்லாத்தானே அறுக்குது? இன்னாத்துக்கு இதுக்கு மட்டும் ரெண்டு மடங்கு ரேட்டு?"

அவர் சீனக் கத்தியை எட்டி எடுத்தார். கை பழக்கத்தில் இடது கைக்குத்தான் கொண்டுபோனது. அவள் பார்த்துக்கொண்டிருந்தாள். வலது கைக்கு மாற்றி, கோழியில் வைத்து இழுத்தார்.

அறுத்தது.

கத்தியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பல் ஒரு பக்கம்தான் தீட்டியிருந்தது. மறுபக்கம் வழவழவென்று இருந்தது. வலது கைக்கென்றே தீட்டியது. ஜெர்மன்காரன் மட்டும் இரண்டு பக்கமும் தீட்டியிருந்தான்.

பிறந்ததிலிருந்து வாய்க்குச் சோறு கொண்டுபோவது வலது கை. ஃபோர்க் அந்தக் கைக்குத்தானே போகும்? மிச்சமிருந்த கையில் கத்தி. அவர் வீட்டில் எல்லாரும் அப்படித்தான் பிடித்தார்கள். அதை உட்கார்ந்து யோசிக்கவா முடியும்?

நதியா சீனக் கத்தியைத் தன் பக்கம் நகர்த்தி வைத்துக்கொண்டாள். ஆறு விடுதிக்கும் இதுவே போதும், இதையே வரவழைத்துத் தாருங்கள் என்றாள். ஜெர்மன் கத்தியை மரியாதையாக அவர் பக்கம் தள்ளினாள்.

வரவழைக்க லின் வேண்டுமே.

அமீனுல்லா போனை எடுத்தார். லின்னின் கடைசி மெயில் இன்னும் இருந்தது. உன் கத்தி தகரம் என்று இவர் எழுதியதற்கு அவன் ஒரே ஒரு வரியில் திருப்பிக் கேட்டிருந்தான்: ஐயா, எந்தக் கையில் பிடித்து அறுக்கிறீர்கள்?

அதன் கீழே அவருடைய பதில் இருந்தது. குச்சியால் தின்கிற பயல் எனக்குக் கத்தி பிடிக்கச் சொல்லித் தருகிறாயா என்று தொடங்கியிருந்தார்.

அதற்கு மேல் படிக்க அவருக்கே கூசியது.