கோபுரத்திலிருந்து விழுந்தவன்

கவுலூன் தியேட்டரில் மதியக் காட்சி. நீல ஒளிக்கற்றையில் சிகரெட் புகை சுருள்கிறது. காலடியில் கொறித்துத் துப்பிய தர்பூசணி விதைத் தோல் நொறுங்குகிறது. இருபது ஆண்டுகளாகக் குங்ஃபூ படம் எடுத்துவரும் தயாரிப்பாளர் மோக் கடைசி வரிசையில் இருக்கிறார். பக்கத்தில் சண்டை நடிகன் ஆசோய், மடியில் ஊன்றுகோலுடன். மன்னிப்புக் கேட்கத்தான் அவனை அழைத்து வந்திருக்கிறார். திரையில் கோபுர உச்சியிலிருந்து ஆசோய் விழுகிறான். நிஜமாகவே அவன் இடுப்பு ஒடிந்த காட்சி அது. வெட்டாமல் வைக்கச் சொன்னவர் மோக்தான். கொட்டகையே எழுந்து ஆர்ப்பரிக்கிறது. “செத்தான்டா!” என்று எவனோ விசிலடிக்கிறான். ஆசோயும் கைதட்டுகிறான், முகமெல்லாம் சிரிப்பு. “எப்பிடி விழுந்திருக்கேன் பாத்தீங்களா முதலாளி! நீங்க ஏன் தட்டல?” மோக் இரண்டு கைகளையும் தூக்குகிறார். தட்டுவதா, கும்பிடுவதா என்று தெரியாமல் அவை நடுவிலேயே நிற்கின்றன.