இட்லி வண்டிக்கு வந்த மிரட்டல்

"ஏய்! இன்னைக்கு பந்த்னு தெரியாதா? அடுப்ப அணைச்சிட்டு வண்டிய எடு!"

முத்தியால்பேட்டை மணிக்கூண்டு அருகே, கட்சித் துண்டு போட்டவன் பைக்கில் இருந்தபடியே கத்தினான். பின்னால் நான்கைந்து பைக்குகள் உறுமின. நிர்மலாவுக்குப் பகீரென்றது. ஆஸ்பத்திரியில் படுத்திருக்கும் கணவனுக்கு டிபன் தேடி, திறந்த கடை ஒன்றுகூட இல்லாமல் இவ்வளவு தூரம் நடந்து வந்திருந்தாள். கிடைத்த ஒரே வண்டிக்கும் வந்தது வினை.

"மூணு நாளா ஊரே கலாட்டா, வண்டியே எடுக்கலீங்க. இன்னைக்கும் விக்கலன்னா புள்ளைங்க பட்டினிதான்" என்றாள் இட்லிக்கார அன்னக்கிளி.

"அதெல்லாம் எனக்குத் தெரியாது! ஆஸ்பத்திரி வாசல்ல ஜனம் டிபனுக்கு அலையுதாம். அங்க போயி கடை போட்டே, நடக்கிறதே வேற!"

பைக்குகள் பறந்தன. அன்னக்கிளி வண்டியை ஆஸ்பத்திரிப் பக்கமே திருப்பினாள்.

"அங்க போவக்கூடாதுன்னு இப்பதானே மிரட்டிட்டுப் போனான்?"

"அவரு அப்படித்தான் கத்துவாருக்கா. ஒரு கை குடுங்க, தள்ளுவோம்."

என்ன துணிச்சல் இவளுக்கு! நிர்மலாவும் சேர்ந்து தள்ளினாள்.

ஆஸ்பத்திரி வாசலில் வண்டியை நிறுத்தியதுதான் தாமதம், கூட்டம் மொய்த்துவிட்டது. இரண்டு ஈடு இட்லி போன இடம் தெரியவில்லை. நிர்மலா கணவனுக்குக் கொடுத்துவிட்டு வருவதற்குள் சாம்பார் அடியைத் தொட்டிருந்தது. கடைசி ஈடு மட்டும் பாக்கி.

அதற்குள் அதே பைக். பின்னால் அதே கூட்டாளிகள்.

"இங்கயும் வந்துட்டியா? எவ்வளவு திமிரு! ரயிலடியில இப்ப ரயில் வந்து நிக்குது. ஒரு டீக்கடைகூட இல்லாம ஜனம் முழிக்குது. அந்தப் பக்கம் உன்ன பார்த்தேன், வண்டி இருக்காது!"

நிர்மலாவுக்கு வந்ததே கோபம். உழைத்துப் பிழைப்பவளை இப்படியா ஓட ஓட விரட்டுவது? பைக்குகள் தெருமுனை தாண்டியதும் பொரிந்து தள்ளிவிட்டாள்.

"நம்பர நோட் பண்ணிட்டேன். வா, இப்பவே போலீஸ்ல எழுதிக் குடுப்போம். நான் சாட்சி சொல்றேன். அவன உள்ள தள்ளினாதான் புத்தி வரும்!"

அன்னக்கிளி ரயிலடிப் பக்கம் வண்டியைத் திருப்பியபடி, வாய்விட்டுச் சிரித்தாள்.

"ஐயோ, வேணாங்கா! அவர உள்ள வெச்சிட்டா, நாளைக்கு விடியக்காலையில எனக்கு யாரு மாவாட்டிக் குடுப்பா? அவருதான் எங்க வீட்டுக்காரரு!"