செயலாளருக்குக் கண்வலி

“யார் கேட்டாலும் கண்வலின்னு சொல்லு. ஒட்டுவாரொட்டின்னு தெரிஞ்சா ஒருத்தனும் எட்டிப் பார்க்க மாட்டான்.”

மூக்குக் கண்ணாடி வியாபாரிகள் சங்கத்தின் செயலாளர், திரை இழுத்து மூடிய அறையில் கறுப்புக் கண்ணாடியோடு மல்லாந்து படுத்திருந்தார். முந்தாநாள்தான் இரண்டு கண்ணுக்கும் லேசர் வைத்திருந்தார்கள்.

“எல்லார்கிட்டயும் சொல்லியாச்சுப்பா. கடையில அம்மாவும் அதைத்தான் சொல்லிட்டிருக்காங்க. கையை எடுங்க, கசக்கக் கூடாது.”

மகள் தன் தடித்த ஃப்ரேம் கண்ணாடியை மேலே தள்ளிவிட்டுக்கொண்டு, சொட்டு மருந்துக் குப்பியைத் திறந்தாள்.

“வெளியில மட்டும் தெரிஞ்சுது, பதவியும் போச்சு, கடையும் போச்சு. கண்ணாடி விக்கிறவனே கண்ணாடி வேணாம்னுட்டான்னு ஊரே சிரிக்கும்.”

“மேல பாருங்க.”

“மண்ணை அள்ளிப் போட்ட மாதிரி உறுத்துதும்மா.”

“அப்படித்தான் இருக்கும். நாளைக்குக் குறைஞ்சிடும். ராத்திரி விளக்கைப் பார்த்தா சுத்தி வளையம் தெரியும், அதுதான் கொஞ்ச மாசம் இழுக்கும்.”

“எல்லாம் நெட்ல படிச்சியா?”

“ம்.”

இதே மகள் போன வருஷம் தனக்கு லேசர் வைக்க வேண்டும் என்று கேட்டாள். அழுதாள், சாப்பிடாமல்கூடக் கிடந்தாள். “கண்ணு என்ன இரும்புக் கதவா, வெல்டிங் வைக்க?” என்று ஒரே கேள்வியில் அவர் முடித்துவிட்டார். வீட்டில் நன்றாக எடுபட்டதால் அதே கேள்வியைச் சங்கக் கூட்டத்திலும் கேட்டார். கைதட்டினார்கள். அடுத்த தேர்தலில் செயலாளராகவும் ஆக்கினார்கள்.

“அப்ப உங்க கண்ணு மட்டும் கதவாப்பா?”

“அதில்லம்மா. என் கருவிழி நல்ல தடிமனாம். ஆயிரத்துல ஒருத்தருக்குத்தான் இப்படி அமையுமாம், டாக்டரே சொன்னார். உன்னுது மெல்லிசு.”

“என் கண்ணை நீங்க எப்ப அளந்தீங்க?”

“பெத்தவனுக்குத் தெரியாதா?”

அழைப்பு மணி அடித்தது. மகள் கதவைத் திறந்து, “தொத்திக்கும் மாமா,” என்று சொல்வதும் செருப்புகள் கழலும் சத்தமும் கேட்டன. சங்கத் தலைவர்! செயலாளர் கறுப்புக் கண்ணாடியை இரண்டு கையாலும் அழுத்திப் பிடித்துக்கொண்டார்.

தலைவர் அறைக்குள் வரவில்லை. வாயையும் மூக்கையும் கைக்குட்டையால் பொத்திக்கொண்டு, நிலைப்படியில் நின்று சுவரைப் பார்த்துப் பேசினார்.

“முகத்தைப் பார்க்காம பேசறேன்னு தப்பா எடுத்துக்காதீங்க செயலாளரே. பார்த்தாலே ஒட்டிக்கும்பாங்க.”

“பார்க்கவே பார்க்காதீங்க தலைவரே. உங்களுக்கு வந்துட்டா சங்கம் என்னத்துக்கு ஆகும்?”

“நம்ம கடைத்தெருவுல லேசர் ஆஸ்பத்திரி திறந்துட்டான், கேள்விப்பட்டிருப்பீங்க. ஞாயித்துக்கிழமை கண்டனக் கூட்டம். அந்த வெல்டிங் பேச்சுக்கு உங்களை விட்டா ஆள் கிடையாது.”

“உயிரே போனாலும் வர்றேன்! பச்சைக் கண்ணைச் சுட்டுக் காசு பார்க்கிறானுங்களே, பாவிங்க!”

செயலாளரின் குரல் தழுதழுத்தது. கன்னத்தில் நீர் வழிந்தது. சொட்டு மருந்து.

“இந்த உணர்ச்சிதான் வேணும்,” என்று தலைவர் சுவரிடம் சொன்னார். “கறுப்புக் கண்ணாடியோடவே மேடையேறுங்க, எடுப்பா இருக்கும். நீயும் வந்துடும்மா. முன்வரிசையில நாற்காலி போடச் சொல்றேன்.”

“வராம இருப்பேனா மாமா,” என்றாள் மகள்.

தலைவர் போனதும் செயலாளர் எழுந்து உட்கார்ந்து கறுப்புக் கண்ணாடியைக் கழற்றினார். முகமெல்லாம் சிரிப்பு.

“காதோரம் சாயம் அடிக்க மறந்துட்டார், பார்த்தியா? அங்க நிக்கிறவர் முடி இங்கேர்ந்து தெரியுது! இருபத்தஞ்சு வருஷமா கண்ணாடி போடாம இப்படிப் பார்த்ததில்லம்மா. அந்தத் திரையை விலக்கு.”

மகள் திரையைக் கொஞ்சம் விலக்கினாள். அவர் ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டே வந்தார். மின்விசிறி, அதன் இறக்கையில் தூசி, அலமாரிப் பூட்டு, ஜன்னலோரம் பாதி திரும்பி நின்ற மகள்.

சிரிப்பு பாதியில் நின்றது.

மைனஸ் பவர் கண்ணாடி போட்டவரைப் பார்த்தால், கண்ணாடிக்குள் மட்டும் கன்னத்தின் ஓரம் உள்ளே ஒடுங்கித் தெரியும். கடைக்குள் நுழைகிறவர்களின் பவரை அதை வைத்தே உத்தேசமாகச் சொல்லிவிடுவார் செயலாளர். மகளின் கன்னம் கண்ணாடிக்கு உள்ளும் வெளியும் ஒரே கோடாக இறங்கியது.

“இங்க திரும்பு. இது... வெறும் கண்ணாடி.”

“ஆமாப்பா.”

“உன் பவர் என்னாச்சு?”

“போன வருஷம் ஆபீஸ் வேலையா வெளியூர் போறேன்னு போனேனே, அப்பவே எடுத்தாச்சு.”

“பெத்த அப்பன்கிட்டயே மறைச்சிட்டியா?” செயலாளருக்கு நிஜமாகவே கோபம் வந்தது. “கண்ணு நல்லாத் தெரியறவ எதுக்கு வருஷம் பூரா இதைச் சுமந்துக்கிட்டுத் திரியறே?”

மகள் மூக்கிலிருந்து கண்ணாடியைக் கழற்றித் துப்பட்டாவில் துடைத்தாள்.

“நீங்க மைக்கைப் பிடிச்சு வெல்டிங் வெல்டிங்னு கத்தறப்ப, முன்வரிசையில நான் கண்ணாடி இல்லாம உட்கார்ந்திருந்தா, எல்லாரும் உங்களைப் பார்த்துத்தானேப்பா சிரிப்பாங்க?”