மூச்சை அடக்கிய ஃப்ரிட்ஜ்

வத்சலா வீட்டு ஃப்ரிட்ஜுக்கு வயதாகிவிட்டது. ஓயாமல் உறுமும். கரண்ட் பில் வந்தால் திட்டு முழுக்க அதற்குத்தான்.

"மாடியில சோலார் போடப் போறாங்களாம்! வெயிலுக்கு யாரு பில்லு போடுவா? இனிமே என்னைத் திட்டவே மாட்டாங்க," என்று பக்கத்து மேடையிலிருந்த மிக்ஸியிடம் சொல்லிச் சொல்லிப் பூரித்தது.

ஒரு காலையில் சோலார்காரர் வந்தார். மாடியை அளந்தார். அப்படியே சமையலறைக்கு வந்து ஃப்ரிட்ஜின் முதுகைத் தொட்டுப் பார்த்தார்.

"அவசரப்படாதீங்கம்மா. இப்பப் போட்டா இந்தப் பழசுக்குன்னே தனியா பேனல் வாங்கணும். முதல்ல இதை மாத்துங்க. அப்புறம் கம்மியாப் போட்டாலே போதும்."

"யோசிச்சுச் சொல்றேன்," என்றார் வத்சலா.

அவர்கள் வெளியே போனதும் உறுமல் சட்டென்று நின்றது. மிக்ஸி பதறிப்போனது.

"பெரியப்பா, என்ன ஆச்சு?"

"மூச்சை அடக்கிக்கிட்டு இருக்கேன். நான் கரண்டே எடுக்கலேன்னா என்னை எதுக்கு மாத்தப் போறாங்க?"

வெளியே வெயில் கொளுத்தியது. ஃப்ரிட்ஜ் அசையவில்லை. வாழ்நாளில் அது இவ்வளவு சமர்த்தாக இருந்ததே இல்லை.

சாயங்காலம் வத்சலா காப்பிக்குப் பாலை எடுத்து அடுப்பில் வைத்தார். பால் திரிந்துபோனது.