சாகாத வேஷம்

அது தன்னுடைய ஏழாவது சாவா, எட்டாவதா என்பதில் அவளுக்கு இன்றும் சந்தேகம் உண்டு.

பாடையின் மூங்கில் இடுப்பில் குத்தியது மட்டும் நன்றாக நினைவிருக்கிறது.

நெற்றியில் காசு. மூக்கில் பஞ்சு. தலையில் மேக்கப்காரர் தடவிய நரை.

மேலே விழுந்து அழுத கதாநாயகன் அவளைவிட ஒன்பது வயது மூத்தவர். இருபது வருடத்துக்கு முன் ஊட்டிப் புல்வெளியில் அவளைத் தூக்கிக்கொண்டு ஓடியவர்.

இப்போது "அம்மா" என்றார். மீசை மை அவள் கன்னத்தில் ஒட்டிக்கொண்டது.

அந்த அம்மாவுக்கு இரண்டு வரி வசனம் இருந்தது. காலையில் அதையும் எடுத்துவிட்டார்கள்.

கட்.

பிணமாகக் கிடந்தவர் அப்படியே எழுந்து போகக்கூடாது. கேமராவைப் பார்த்து ஒரு சிரிப்பு சிரிக்க வேண்டும். தோஷம் கழிய. அதையும் படம் பிடிப்பார்கள். தியேட்டருக்கு வராது.

"அக்கா, எழுந்து லேசா சிரிச்சிருங்க. கேமரா ஓடிட்டிருக்கு" என்றான் இயக்குநர்.

எழுந்து உட்கார்ந்தாள். பஞ்சை எடுத்துப் போட்டாள்.

ஒவ்வொரு சாவுக்கும் சிரித்திருக்கிறாள்.

அன்று சிரிப்பு வரவில்லை. வரவழைக்கவும் இல்லை.

முந்தானையால் தலையின் வெள்ளையைத் துடைத்தாள். முழுதும் போகவில்லை. கொஞ்சம் அவளுடையது.

தயாரிப்பு நிர்வாகி பதறிக்கொண்டு வந்தார். "சிரிச்சிரும்மா. படத்துக்கு ஆகாது."

அவள் லென்ஸை நேராகப் பார்த்தாள்.

"பேரு மாதங்கி. வயசு நாப்பத்தேழு. உயரம் அஞ்சே கால் அடி. ஏழெட்டு வாட்டி செத்தாச்சு. சாகாத வேஷம் இருந்தா கூப்பிடுங்க."

லைட்டுக்குப் பின்னால் யாரோ களுக்கென்றார்கள்.

கதாநாயகன் கண்ணாடியில் மீசையைச் சரிசெய்துகொண்டே, "என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருந்தா நான் பார்த்துச் செய்யமாட்டேனா, மாதங்கி?" என்றார்.

"இப்பதானே அம்மான்னீங்க."



இயக்குநர் கட் சொல்ல வாயைத் திறந்தான். கேமராவுக்குப் பின்னாலிருந்த பெண் கையை உயர்த்தி அவனை நிறுத்தினாள். மெல்லக் கேமராவோடு அந்த முகத்தை நெருங்கினாள்.

நெருங்கட்டும் என்று மாதங்கி இருந்தாள். கண் இமைக்கவில்லை.

நிறைய நேரம்.

பிறகு பாடையிலிருந்து தானே இறங்கினாள்.

படம் இரண்டு வாரம் ஓடியது. இயக்குநர் தொலைக்காட்சித் தொடருக்குப் போய்விட்டான். கதாநாயகன் அடுத்த படத்தில் கல்லூரி மாணவர். கேமராப் பெண் வஹிதா மூன்று வருடம் அலைந்து சொந்தமாக ஒரு படம் எடுத்தாள். மாதங்கி அதில் லாரி ஓட்டுகிறாள். முதல் காட்சியிலிருந்து கடைசிவரை.

அம்மா வேஷங்களுக்கு இப்போது வேறொருத்தி வருகிறாள்.

அவளுக்கு முப்பத்தாறு.