நான்காவது கதவு

“கள்ளன் வெளியிலை இருந்து திறந்தாலும் அலாரம் கத்தோணும், ஆரும் உள்ளுக்கிருந்து திறந்தாலும் கத்தோணும், தம்பி,” என்றார் கேதாரநாதன். அந்த ‘ஆரும்’ பின் இருக்கையில் தலைகுனிந்து இருந்தாள். மனைவியை வீட்டில் தனியே விடாத மனிதர் அவர், கராஜுக்கும் கூட்டி வந்திருந்தார்.

அந்தப் பழைய ஜப்பான் காரின் வயர்கள் மெக்கானிக் தவபாலனுக்கு மனப்பாடம். எந்தக் கதவைத் திறந்தாலும் கூரை விளக்கு எரியும்; அந்த வயரில் அலாரத்தைக் கொளுவினால் நாலு கதவும் அகப்பட்டுவிடும். கேதாரநாதன் போன் பேச வெளியே போனதும் அவள் முன்னே சாய்ந்தாள்.

“அண்ணை, என்ரை கதவை மட்டும் விட்டுவிடுங்கோ. உங்கடை காலிலை விழுறன்.”

அவன் வயர் வெட்டும் குறட்டை எடுத்து அந்த ஒரு கதவின் வயரை வெட்டிவிட்டான்.

கேதாரநாதன் திரும்பி வந்து தன் கதவைத் திறந்தார். சைரன் ஊரைக் கூட்டியது. திருப்தியாக அதை நிறுத்தி, ஏறிக் கதவைச் சாத்திவிட்டு, “முன்னுக்கு வந்து இரு,” என்றார் மனைவியிடம். அவள் தன் கதவைத் திறந்தாள். அவர் அண்ணாந்து கூரையைப் பார்த்தார்.

“வரேக்கை இந்த லைட் எரிஞ்சது.”

“பல்ப் போயிட்டுது போலை ஐயா,” என்றான் தவபாலன். விளக்கை அவன் மறந்தே போயிருந்தான்.

அவர் தன் கதவை மறுபடி திறந்தார். விளக்கு பளிச்சென்று எரிந்தது.

“குறட்டை எடும் தம்பி,” என்றார், கோபமே இல்லாமல். வெட்டிய வயரைத் தவபாலன் தன் கையாலேயே முறுக்கி ஒட்டினான். அவள் கதவுக்கும் விளக்கு எரிந்தது.

“அண்ணைக்கு நன்றி சொல்லு,” என்றார்.

அவள் சொன்னாள்.